போஸ்டர்ல விட்டுப்போன பேரு

அண்ணாச்சி, இந்தக் குழாய் உங்க முழங்கால்ல இடிக்குதா? இடிச்சா சொல்லுங்க, மடியில வச்சுக்கிடுதேன். மேல வைக்க மாட்டேன். கண்டக்டர் ரெண்டு தடவ சொல்லிட்டாரு. உள்ள என்ன துப்பாக்கியா இருக்குங்காரு. படம் இருக்கு அண்ணாச்சி, வெறும் காகிதம். ஒரு மடிப்பு விழுந்தா மூணு மாச வேலை போச்சு.

நீங்க திருநெல்வேலி வரைக்குமா? நல்லது. நான் கோவில்பட்டியில இறங்கிருவேன்.

இப்ப ஒரு செவுரு தாண்டுச்சே, பாத்தீங்களா? கண்ணீர் அஞ்சலி போஸ்டர். நீங்க மூஞ்சியத்தான் பாத்திருப்பீங்க. எல்லாரும் அப்படித்தான் பாப்பாங்க, நமக்குத் தெரிஞ்ச ஆளா, என்ன வயசுன்னு. நான் இப்பல்லாம் அடியிலதான் பாக்கேன். 'இவண்'னு போட்டு சின்ன எழுத்துல பேரு வரிசையா வரும்லா, அத. எங்க அண்ணன் போஸ்டர்ல இருபத்தேழு பேரு. எண்ணிட்டேன். பால் ஊத்துறவரு பேரு இருக்கு. லோடுமேன் ரெண்டு பேரு இருக்கான். சம்பந்தியே இல்லாத வீட்டுல சம்பந்தி மொறைன்னு ஒருத்தன் பேரு இருக்கு. எம் பேரு இல்ல. கூடப் பொறந்த ஒரே தம்பி பேரு இல்ல.

நியாயமா சொல்லுங்க, இது அடுக்குமா?

நான் யாருன்னு சொல்லாமலே பேசிக்கிட்டு வாரேன் பாருங்க. அமரர் அனந்தப்பன் தெரியுமா உங்களுக்கு? தெரியும்லா? சிரிக்கீங்களே, அப்பத் தெரியும். போன்ல ரெண்டு நிமிசப் படமா வரும். அதுக்கு முன்னால பதினாலு வருசம் வாரப் பத்திரிகையில கடைசிக்கு முந்துன பக்கத்துல நாலு கட்டமா வந்துச்சு. அத வரையுறவன் நான்தான். சுடலைமுத்து. படத்துக்கு அடியில 'சுடலை'ன்னு மட்டும் போடுவேன். எடிட்டர் அது புனைபெயர்னு நெனச்சு, பொருத்தமா வச்சிருக்கீங்கன்னு கைகுடுத்தாரு. எங்கப்பா வச்ச பேருன்னு சொன்னேன். நம்பல.

அனந்தப்பன் ஒரு பிணம். அவ்வளவுதான் சங்கதி. மூக்குல பஞ்சு, தாடையில கட்டு, கால் பெருவெரல் ரெண்டையும் சேத்துக் கட்டியிருக்கும், நெத்தியில ஒரு காசு. நடு வீட்டுல கெடப்பான். சுத்தி நிக்குறவங்க பேசுறதுக்கெல்லாம் பதில் சொல்லுவான். அது வாசிக்கிறவனுக்கு மட்டும்தான் கேக்கும். மொத வாரம் என்ன தெரியுமா? டாக்டர் நாடி பாத்துட்டு, 'கொஞ்சம் முன்னாடியே வந்திருந்தா காப்பாத்திருக்கலாம்'பாரு. அனந்தப்பன், 'முன்னாடியே வந்தேன் டாக்டர், எனக்கு டோக்கன் அறுபத்தேழு'ம்பான். கடைசிக் கட்டம் எப்பவும் ஒரு போஸ்டர். தோற்றம் இன்ன தேதி, மறைவு இன்ன தேதி, காரணம் டோக்கன். ஒவ்வொரு வாரமும் சாவான். ஒவ்வொரு வாரமும் காரணம் வேற.

திட்டி லெட்டர் வந்து குவிஞ்சுச்சு. சேலத்துல இருந்து ஒரு அம்மா எழுதுனாங்க, உன் வீட்டுல ஒரு சாவு விழுந்தாத்தான் உனக்குப் புரியும்னு. அத ஃப்ரேம் போட்டு என் டேபிளுக்கு மேல மாட்டிட்டேன். வர்றவங்கல்லாம் படிச்சுட்டுச் சிரிப்பாங்க. இப்பவும் அங்கதான் தொங்குது. எடுக்கணும் எடுக்கணும்னு நெனைக்கேன், கை வேலையில மறந்து போவுது.

மூஞ்சி எங்க அண்ணன் மூஞ்சிதான். ஆவுடையப்பன்னு பேரு, என்னைய விடப் பதினோரு வயசு மூப்பு. இடது காது மேல்மடல் மடிஞ்சிருக்கும், முன்பல்லு ரெண்டும் வெளிய எட்டிப் பாக்கும். பென்சில எடுத்தா கை தானாப் போயிரும் அந்த மூஞ்சிக்கு. அதுல என்ன தப்பு? எல்லாக் கலைஞனும் தெரிஞ்ச மூஞ்சியத்தான வரைவான்.

அண்ணன் கோவில்பட்டியில சாமியானா, சேர் வாடகைக்கு விடுற கடை வச்சிருந்தான். கல்யாணத்துக்கும் போவான். ஆனா சாவு வீட்டுக்குத்தான் மொத ஆளு. யாரும் கூப்பிட வேண்டாம். சேதி காதுல விழுந்தா வண்டியில சேர ஏத்திருவான். ஆளச் சொன்னாப் போதும், எத்தன சேர் வேணும்னு சொல்லுவான். வாத்தியாருக்கு நூத்தம்பது, வட்டிக்காரனுக்கு நாப்பது போதும்பான். ஒருநாளும் தப்புனதில்ல. 'எனக்கு எரநூறு போடணும்ல, சுடல'ம்பான். சிரிச்சுக்கிட்டேதான் சொல்லுவான். ஆனா மனசுல அது இருந்துச்சு. ஊருக்கே செஞ்சிருக்கோம், ஊரு வரும்னு.

சாவு வீட்டுல கேட்டத எல்லாம் எனக்குப் போன்ல சொல்லுவான். 'ஏல, இன்னைக்கு என்ன கூத்து தெரியுமால'ன்னு ஆரம்பிப்பான். ஒப்பாரிக்கு நடுவுல காப்பிக்குச் சீனி பத்தலைன்னு சொன்ன பொம்பள, பிணத்துக்குப் பக்கத்துல நின்னு ஆதார் கார்டு தேடுன மருமகன், எல்லாம் அவன் சொன்னதுதான். ஆனா ஒண்ணு அண்ணாச்சி, அவன் சும்மா பேச்சுக்குச் சொல்லுவான். அத நாலு கட்டத்துக்குள்ள அடக்குனது நான். வேலை என்னது.

பெங்களூர்ல ஒரு விருது குடுத்தாங்க. மேடையில ஒரு பொண்ணு கேட்டுச்சு, இந்த முகமும் இந்த ஜோக்கும் எங்க இருந்து வருது சார்னு. கற்பனைன்னு சொன்னேன். மேடையில வேற எப்படிச் சொல்ல முடியும்? அண்ணன் அத டிவியில பாத்துட்டு, 'நல்லாப் பேசுனல'ன்னான். அவ்வளவுதான் சொன்னான். அன்னையில இருந்து சாவு வீட்டுக் கதை சொல்லுறத நிப்பாட்டிட்டான். வேலை கூடிப்போச்சு போலன்னு நெனச்சேன்.

ஊர்ல அவன 'அமரர்'னு கூப்பிட ஆரம்பிச்சுட்டாங்க. 'அமரரே, ரெண்டு டீ சொல்லவா'ன்னு கேப்பாங்க. அவனும் சிரிப்பான். பேரு தெரியாமச் செத்துப் போறதுக்கு இது பரவாயில்லன்னு நான் சொல்லியிருக்கேன். அவன் மகள் செண்பகவல்லியப் பொண்ணு பாக்க ஒரு கூட்டம் வந்துச்சு. அண்ணன் வாசல்ல நின்னு வாங்கன்னு கும்பிட்டிருக்கான். மாப்பிள்ளையோட தாய்மாமன் நிமிந்து பாத்தவரு குபீர்னு சிரிச்சுட்டாரு. ஒருத்தர் சிரிக்கப் போயி எல்லாரும் சிரிச்சிருக்காங்க. பொண்ணு பிடிச்சுதாம். ஆனா சம்பந்தின்னு சொல்லிக்க ஒரு பிணத்தோட மூஞ்சி வேண்டாம்னு மறுநா சொல்லி விட்டுட்டாங்க. அவங்களுக்கு ரசனை இல்லைன்னா அதுக்கு நான் என்ன பண்ண முடியும்?

அதுக்குப் பெறகுதான் அண்ணன் மெட்ராசுக்கு வந்தான். அப்பத்தான் படத்த அசையுற படமாக்க ஒரு கம்பெனி எடுத்திருந்துச்சு. சாலிகிராமத்துல ஆபீஸ். அனந்தப்பன அசைய வைக்கிறதுல ஒரு சௌகரியம் இருக்கு அண்ணாச்சி. தாடையக் கட்டியிருக்கு, அதனால வாய் அசையாது. கண்ணு மூடியிருக்கு. கை காலும் கட்டு. பேசும்போது மூக்குப் பஞ்சு மட்டும் உள்ள போயிட்டு வெளிய வரும். சிரிச்சாப் பஞ்சு தெறிச்சு விழும், கோவம் வந்தாப் பஞ்சு விடைக்கும். அந்தப் பஞ்சுக்குத்தான் சனம் உருண்டு உருண்டு சிரிச்சுது. அது என் யோசனை. மத்தவன் ஒரு மாசம் வரையுறத நான் நாலு நாள்ல முடிச்சுருவேன்.

அண்ணன் ஒரு பை நெறைய கடலைமிட்டாயோட வந்து நின்னான். ஆபீஸ்ல எல்லாரும் எந்திரிச்சு வந்து அவன் கூட நின்னு போட்டோ எடுத்தாங்க. ஒருத்தன் அவன கண்ண மூடச் சொன்னான். மூடிக்கிட்டு நின்னான் அண்ணாச்சி. எல்லாரும் போன பெறகு ஸ்கிரீன்ல ஓடுனதப் பாத்துக்கிட்டே இருந்தான். பெறகு மெதுவாச் சொன்னான்.

'சுடல, நீ வரையி. வேண்டாங்கல. கண்ண மட்டுமாவது தொறந்து வையேன்ல.'

கண்ணத் தொறந்தா அது எப்படிப் பிணமாகும்? அதத்தான் கேட்டேன். அண்ணாச்சி, நீங்களே சொல்லுங்க, கண்ணத் தொறந்தா மொத்த ஜோக்கும் போச்சு. அவனுக்குக் கலையப் பத்தி என்ன தெரியும்? சேர் எண்ணத் தெரியும். அதையும் சொல்லிட்டேன். ஒரு வேகத்துல வந்துருச்சு. அவன், 'ஆமால, அது வாஸ்தவம்'னுட்டு சாயந்தர வண்டிக்கே கெளம்பிட்டான். கடலைமிட்டாய ஆபீஸ்ல எல்லாரும் நல்லா இருக்குன்னு சாப்பிட்டாங்க.

இப்ப போஸ்டர் விசயத்துக்கு வாரேன். போன வருசம் படம் பெரிசா, ஒன்றரை மணி நேரத்துக்கு முடிஞ்சுது. போன்லயே பாக்குற மாதிரி வெளியிட்டாங்க. விளம்பரக்காரன் ஒருத்தன், நல்ல புத்திசாலி. தெக்க உள்ள ஊருல எல்லாம் நெசமான கண்ணீர் அஞ்சலி போஸ்டர் மாதிரியே ஒட்டலாம்னான். தோற்றம் இன்னது, மறைவு வர்ற வெள்ளிக்கிழமை மாலை ஆறு மணின்னு. படிக்கிறவன் கிட்ட வந்தாத்தான் விளம்பரம்னு தெரியணும். அதுக்கு அந்தந்த ஊரு அச்சாபீஸ்லயே அடிக்கணும், பார்டரும் பூவும் ஊரு போஸ்டர்ல வர்றதாவே இருக்கணும்னு நான்தான் சொன்னேன். ஊருக்கு ஒரு பேரு போடலாம்னாங்க. சாத்தூருக்கு ஒண்ணு, சங்கரன்கோவிலுக்கு ஒண்ணு. கோவில்பட்டிக்கு உங்க ஊருப் பேரா ஒண்ணு சொல்லுங்கன்னு கேட்டாங்க.

வாயில வந்த பேரச் சொன்னேன்.

ஆமா, அந்தப் பேருதான். ஏன் அப்படிப் பாக்கீங்க? ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்ச மூஞ்சி, தெரிஞ்ச பேரு, சிரிப்பாங்கன்னு சொன்னேன். சிரிக்கவும் செஞ்சாங்க. கடைக்கு எதுத்த செவுத்துலயே நாலு ஒட்டியிருந்தாங்களாம். அண்ணன் போன் பண்ணுனான். ரெண்டு வருசம் கழிச்சு அவனாப் பண்ணுன போன்.

'ஏல, எம் போஸ்டரப் பாத்தேன்ல. அச்சு நல்லா விழுந்திருக்கு.'

'கோவமாண்ணே?'

'என்ன கோவம். அடியில ஒரு பேரும் இல்லையேல, வெறும் கம்பெனி பேருதான் கெடக்கு. உம் பேரையாவது போட்டிருக்கலாம்லா.'

நானும் சிரிச்சேன். அதுதான் கடைசியாப் பேசுனது.

பன்னெண்டாம் நாளு, ஒரு காதுகுத்து வீட்டுல சேர் எறக்கிக்கிட்டு இருந்தவன் அந்தச் சேர்லயே உக்காந்திருக்கான். தண்ணி கேட்டானாம். கொண்டாந்தப்ப தலை சாஞ்சிருக்கு. அவ்வளவுதான்.

போஸ்டர் அடிக்க அதே அச்சாபீசுக்குப் போயிருக்காங்க. அவசரம், விடியுறதுக்குள்ள ஒட்டணும். அச்சாபீஸ்காரன் என்ன பண்ணியிருக்கான்னா, கம்ப்யூட்டர்ல ஆவுடையப்பன்னு பேரோட ஒரு போஸ்டர் ரெடியா இருக்குல்லா, அத எடுத்துப் படத்துக்குப் பதிலா போட்டோவ வச்சு, தேதிய மாத்தி, அடியில பேரச் சேத்து அடிச்சுட்டான். அதே பார்டர், அதே பூவு. விடியக்காலையில பழைய போஸ்டருக்கு மேலயே ஒட்டியிருக்காங்க.

ஊரு பாத்துச்சு. பாத்துட்டு, ரெண்டாம் பாகம் வருது போலன்னு சிரிச்சுட்டுப் போச்சு. ஒரு பய பக்கத்துல நின்னு கண்ண மூடி செல்ஃபி எடுத்திருக்கான்.

எரநூறு சேர் போட்டிருக்காங்க அண்ணாச்சி. அவன் சொன்ன கணக்குப்படி எங்க மதினி, அவன் சம்சாரம்தான் போடச் சொல்லியிருக்காங்க. முப்பத்தொரு பேரு இருந்தாங்க. போன் பண்ணிச் சொன்ன சொந்தக்காரங்களும் அக்கம்பக்கமும்தான். மத்த சேர்ல வெயில் ஏறி, உக்காந்தா சுடும்னு ஆயிருச்சாம். பஜார்க்காரங்க, சங்கத்து ஆளுக, அவன் பந்தல் போட்ட வீட்டுக்காரங்க யாரும் வரல. நெசம்னு தெரிஞ்சு எல்லாரும் ஓடி வரும்போது சாயந்தரம் அஞ்சு மணி. மயானத்துல எல்லாம் முடிஞ்சு திரும்பிட்டாங்க. பெறகு அந்தச் சேர் பத்தலயாம், ஊரே வந்து நின்னுச்சாம். என்ன பிரயோஜனம்.

நானா? நான் மெட்ராஸ்ல இருந்தேன். எனக்கு யாரும் போன் பண்ணல. அதுதான் என் வயித்தெரிச்சல். மொத போன் எனக்குல்ல வரணும்?

சரி, வந்துச்சு. ரெண்டு தடவ வந்துச்சு. மதினி நம்பர். அப்ப மீட்டிங்ல இருந்தேன், பொண்ணு விசயமா ஏதாவது சொல்லப் போறாங்கன்னு எடுக்கல. பதினோரு மணிக்கு எங்க ஊருப் பயலுக குரூப்புல ஒருத்தன் அந்தப் போஸ்டரப் போட்டோ எடுத்துப் போட்டான். 'சுடலண்ணே, அடுத்த பாகமா, கலக்குறீங்க'ன்னு. நானும் கம்பெனிக்காரன் என்னக் கேக்காம ரெண்டாவது போஸ்டர் அடிச்சுட்டான்னு நெனச்சேன். பாத்தா அதுல கண்ணு தொறந்திருக்கு. எனக்கு வந்துச்சு பாருங்க கோவம். நாலு சிரிக்கிற பொம்மையப் போட்டு, கீழ எழுதுனேன். 'எல்லாம் சரி, கண்ணத் தொறந்தது எந்த முட்டாப் பய? ஜோக்கே போச்சு'ன்னு.

அந்தக் குரூப்புல செண்பகமும் இருக்கு.

என்னையும் ஏமாத்திருச்சே அண்ணாச்சி! ஊரு ஏமாந்தா மன்னிப்பு, நான் ஏமாந்தா மட்டும் குத்தமா? ஊர்க்காரங்க பெறகு வந்து அழுதாங்க, அவங்களுக்கு காப்பி குடுத்திருக்காங்க. நான் மறுநா விழுந்தடிச்சுப் போனேன். மதினி வாசல்லயே நின்னாங்க.

'கண்ணத் தொறந்தது யாருன்னு கேட்டீகளே தம்பி. நாந்தான் அந்தப் போட்டோவக் குடுத்தேன்.'

அவ்வளவுதான் சொன்னாங்க. திரும்பும்போதுதான் செவுத்துல நின்னு அடியில பாத்தேன். இருபத்தேழு பேரு. அதுல நான் இல்ல. மொதல்ல அடிக்கும்போதே இல்ல, பாத்துக்கிடுங்க. அப்ப நான் இன்னும் ஒண்ணும் எழுதக்கூட இல்ல. அந்த வீட்டுல என்னைய எப்பவோ எடுத்துட்டாங்க. எதுக்குன்னுதான் இன்னும் எனக்குப் பிடிபடல.

அதுக்குப் பெறகு அனந்தப்பன வரையல. கம்பெனியில வேற ஆள வச்சு ஓட்டுறாங்க. பஞ்சு சரியா விடைக்க மாட்டேங்குது. அது கெடக்கட்டும்.

நாளன்னைக்கு அண்ணனுக்கு முதலாமாண்டு. மூணு மாசத்துக்கு முன்னால செண்பகம் போன் பண்ணுச்சு. 'சித்தப்பா, நினைவஞ்சலி போஸ்டருக்கு அப்பாவ நீங்க வரைஞ்சு குடுங்க. கண்ணத் தொறந்து வரைங்க. நல்லா இருந்தா உங்க பேரப் போடுறோம், அம்மாகிட்ட நான் பேசிட்டேன்'னுச்சு. எம்புட்டுப் பெரிய மனசு பாருங்க அந்தப் பிள்ளைக்கு. இன்னைக்கு மத்தியானம் அச்சுக்குக் குடுக்கணும். பஸ் ஸ்டாண்டுல வந்து நிக்கேன்னு சொல்லியிருக்கு.

வரைய உக்காந்தா கை ஓடல. மூஞ்சி வருது, காது வருது, பல்லு வருது. கண்ணுகிட்ட வந்தாக் கை தானா ஒரு கோடு இழுத்து மூடிருது. பதினாலு வருசத்துக்கு மேல பழகுன கை. போட்டோவப் பாத்து வரையலாம்தான். பாத்துப் பாத்து வரைஞ்சா வேற எவன் கண்ணோ மாதிரி வருது. அவன் என்னையப் பாக்கும்போது கண்ணு எப்படி இருக்கும்னு யோசிச்சா, மெட்ராஸ்ல அன்னைக்கு மூடிக்கிட்டு நின்னான்லா, அதுதான் வருது. அறுபது எழுபது தாளு கிழிச்சிருப்பேன். இது கடைசியா வந்தது. நல்லாத்தான் வந்திருக்கு. நீங்க வெளியாளு, ஒரு பார்வை பாத்துச் சொல்லுங்க.

இந்த ஓரத்தப் பிடிங்க. மெதுவா, மெதுவா. ஆங். கண்ணு தொறந்துதான இருக்கு? ரெண்டும் நல்லாத் தொறந்திருக்கு. சட்டை அவன் வழக்கமாப் போடுற சட்டை. பையில பேனா கூட வச்சிருக்கேன்.

என்ன அண்ணாச்சி?

இல்ல இல்ல, வாய ஏன் பொத்துறீங்க. பரவாயில்ல, கைய எடுங்க. சிரிப்பு வந்துருச்சு, அதுக்கு நீங்க என்ன செய்வீங்க. இவ்வளவு நேரம் கேட்டுக்கிட்டு வந்தீங்க, நடுவுல கண்ணுகூடக் கலங்குச்சு, நான் பாத்தேன். உங்களுக்கே வருதே. எங்க வருது? கண்ணப் பாத்தா? முழிச்சிக்கிட்ட அனந்தப்பன் மாதிரி இருக்கா? அப்ப எங்க அண்ணன் மாதிரி இல்லையா?

சரி. விடுங்க. அந்த ஓரத்த விடுங்க, சுருட்டணும்.

என்ன, அதுக்குள்ள பஸ் ஸ்டாண்டா? அந்தா நிக்குதே, பச்சைத் துப்பட்டா, அதுதான் செண்பகம். ஒவ்வொரு சன்னலாப் பாத்துக்கிட்டு வருது. கண்டக்டர், நான் இறங்கல, திருநெல்வேலிக்குப் போட்டுக்கிடுங்க. அண்ணாச்சி, கொஞ்சம் இந்தப் பக்கமாச் சாய்ஞ்சு உக்காருங்க, என்னைய மறைச்ச மாதிரி. பஸ்ஸு எடுக்குற வரைக்கும்தான். நான் கண்ண மூடிக்கிடுதேன். அது சன்னலத் தட்டிக் கேட்டா, தூங்குறாருன்னு சொல்லிருங்க.